கெண்டையின் உச்ச பலம்

மேஜிகார்ப்பின் உச்ச பலம் 310. போக்கிமான் கோ என்ற ஃபோன் விளையாட்டை ஆடுகிறவர்களிடம் இந்த எண்ணைச் சொன்னால் சிரிப்பார்கள். மேஜிகார்ப் ஒரு கெண்டை மீன். செக்கச் சிவந்த உடம்பு, மஞ்சள் துடுப்பு, முழித்த கண், மூடாத வாய். கிடந்த இடத்தில் துள்ளுவதைத் தவிர அதற்கு ஒன்றும் தெரியாது. சண்டையில் அது முதலில் எடுக்கும் ஆயுதமே அந்தத் துள்ளல்தான். எதிரியின் மேல் ஒரு கீறலும் விழாது.

பிறகு அதன் உச்ச பலத்தை எதற்காகக் கணக்குப் போட வேண்டும்? அயனம்பாக்கம் ஏரிக்கரையில், மாலை நடைக்கு வந்தவர்களுக்கு நடுவே ஃபோனும் கையுமாக நின்றிருந்த எட்டாம் வகுப்புப் பையனிடம் இதைக் கேட்டேன். எங்கள் ஃபிளாட்ஸ் பையன்தான். "வேஸ்ட் பீஸுன்னு தெரியும் அங்கிள். எவ்ளோ வேஸ்ட்டுன்னு தெரிய வேணாமா?" என்றான். பையில் இருந்து ரஃப் நோட்டை எடுத்துக் கடைசிப் பக்கத்தைக் காட்டினான். பென்சிலில் நாலு வரிக் கணக்கு. அடித்து எழுதிய இடம் ஒன்றுகூட இல்லை. இவனுக்குக் கணக்கே வராது என்று இவன் அம்மா லிஃப்டில் பார்க்கும்போதெல்லாம் சொல்வார். கொஞ்சம் தள்ளித் தூண்டில் போட்டு உட்கார்ந்திருந்தவர் எங்கள் பேச்சைக் கேட்டுவிட்டு, "கெண்டையா? எந்தப் பக்கம்?" என்று விசாரித்தார்.

கணக்கு இதுதான். அந்த விளையாட்டில் ஒவ்வொரு இனத்துக்கும் மூன்று அடிப்படை எண்கள் உண்டு: தாக்குதல், தற்காப்பு, உயிராற்றல். மேஜிகார்ப் இனத்துக்கு 29, 85, 85. பிடிபடும் ஒவ்வொரு மீனுக்கும் இந்த மூன்றோடும் பூஜ்ஜியம் முதல் 15 வரை ஏதோ ஒரு எண் தனித்தனியாகச் சேரும். அது அந்த மீனின் தலையெழுத்து; ஆடுகிறவர்கள் ஐ.வி. என்பார்கள். மூன்றிலும் 15 வாய்த்துவிட்டால் அது 'ஹண்டோ', நூற்றுக்கு நூறு. உச்ச பலம் தெரிய ஹண்டோவைத்தான் எடுத்துக்கொள்ள வேண்டும். 29 உடன் 15 சேர்ந்தால் 44. 85 உடன் 15 சேர்ந்தால் 100. அப்படி இரண்டு நூறு. தாக்குதலை அப்படியே வைத்துக்கொண்டு, மற்ற இரண்டுக்கும் வர்க்கமூலம் எடுத்துப் பெருக்க வேண்டும். நூறின் வர்க்கமூலம் பத்து. 44ஐப் பத்தால் பெருக்கி, திரும்பவும் பத்தால் பெருக்கினால் 4,400. ஒவ்வொரு லெவலுக்கும் ஒரு பெருக்கி இருக்கிறது. ஐம்பதாவது லெவலுக்கு அது 0.8403, அதன் வர்க்கம் 0.7061. இரண்டையும் பெருக்கினால் ஏறத்தாழ 3,107. பத்தால் வகுத்தால் 310.68. புள்ளிக்குப் பின்னால் இருப்பதை விளையாட்டு தள்ளிவிடும். ஆக, 310.

இவ்வளவு சுலபமாக வர்க்கமூலம் விழும் பிராணி அங்கே அரிது. எல்லோருக்கும் தெரிந்த பிகாச்சுவை எடுத்துக்கொண்டால் 127, 111, 126 என்று வரும். 111க்கு வர்க்கமூலம் எடுக்க நீள் வகுத்தலில் உட்கார வேண்டும். விடை 1,060. மேஜிகார்ப்புக்கு மனக்கணக்கே போதும். முதல் லெவலில் இருக்கும் மேஜிகார்ப்புக்கு இதே கணக்கைப் போட்டால் நாலுகூடத் தேறாது. ஆனால் விளையாட்டு எந்தப் பிராணிக்கும் பத்துக்குக் கீழே காட்டுவதில்லை. கருணை மதிப்பெண் போட்டுப் பத்தாக்கிவிடும். இந்தப் பலத்துக்கு அங்கே சி.பி. என்று பெயர். காம்பாட் பவர்.

போக்கிமான் கோ 2016 ஜூலையில் அமெரிக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் வெளியானது. இந்தியாவுக்கு முறைப்படி வந்தது அந்த ஆண்டு டிசம்பர் நடுவில், ஜியோவின் கைபிடித்து. ஜியோ கடைகளும் ரிலையன்ஸ் டிஜிட்டல் கடைகளும் விளையாட்டு வரைபடத்தில் போக்கிஸ்டாப்பாகவும் ஜிம்மாகவும் முளைத்தன. சென்னைக்கு அது எப்படிப்பட்ட மாதம் என்பது இங்கே இருந்தவர்களுக்கு நினைவிருக்கும். ஏ.டி.எம். வாசலில் வரிசை, டிசம்பர் 5 அன்று ஜெயலலிதா மறைவு, 12 அன்று வர்தா புயல். தெருவெல்லாம் மரம் விழுந்து, மின்சாரமும் சிக்னலும் இல்லாமல் கிடந்த ஊரில் பிராணி பிடிக்க வாருங்கள் என்று அழைத்தார்கள்.

இந்தக் கணக்கில் எனக்குப் பிடித்தது அதில் ஒளிவுமறைவு இல்லாதது. சூத்திரத்தை ஆடியவர்களே தோண்டித் துருவி எடுத்துக்கொண்டார்கள். எடுத்தபின் அதில் யாரும் யாரையும் ஏமாற்ற முடியாது. அயனம்பாக்கத்துப் பையன் போட்டாலும் டோக்கியோவில் ஒருவர் போட்டாலும் 310தான். ஒரு பிராணி பிறந்த நிமிடமே அது எதுவரை போகும் என்று கடைசி இலக்கம் வரை சொல்லிவிடலாம். உயிருள்ள எதைப் பற்றியும் இப்படிச் சொல்ல முடிந்ததில்லை. அந்த நிச்சயம்தான் பையன்களை இழுக்கிறது என்று நினைக்கிறேன். பெரியவர்களையும்.

ஆனால் 2020 நவம்பர் 29ஆம் தேதி இதே கேள்வியைக் கேட்டிருந்தால் விடை 274. அன்றுவரை உச்ச லெவல் 40, அதன் பெருக்கி 0.7903. மறுநாள், நவம்பர் 30 அன்று, விளையாட்டை அப்போது நடத்திய நயான்டிக் நிறுவனம் கூரையை 50க்கு உயர்த்தியது. அன்றைக்கு எந்த மேஜிகார்ப்பும் புதிதாக ஒன்றும் கற்றுக்கொள்ளவில்லை. பயிற்சி எடுக்கவில்லை, சத்தாகச் சாப்பிடவில்லை, முன்பு துள்ளியதைவிட ஒரு விரற்கடை உயரமாகத் துள்ளவும் இல்லை. ஆனாலும் அதன் உச்ச பலம் ஒரே இரவில் 36 கூடிவிட்டது. நாளைக்கு அறுபதாவது லெவல் வந்தால் இன்னும் கூடும். அப்படியென்றால் 310 என்பது மீனைப் பற்றிய தகவலா, அலுவலகத்தில் உட்கார்ந்து பெருக்கியை எழுதியவரைப் பற்றிய தகவலா?

இன்னொன்றும் இருக்கிறது. மேஜிகார்ப்புக்கு 400 மிட்டாய் கொடுத்தால் அது கியாரடோஸ் ஆகிவிடும். நீல நிறத்தில், வாயைப் பிளந்துகொண்டு, பார்த்தாலே பின்வாங்க வைக்கும் கடல் நாகம். அதன் உச்ச பலம் 3,834. பழையதைவிடப் பன்னிரண்டு மடங்குக்கு மேல். சீனத்தில் பழைய கதை ஒன்று உண்டு: மஞ்சள் நதியின் நாகவாசலில் நீரோட்டத்தை எதிர்த்துத் துள்ளி ஏறிவிட்ட கெண்டை நாகமாகிவிடும். விளையாட்டு அந்தக் கதையின் சாயலில்தான் இருக்கிறது. இதில் ஆடுகிறவர்கள் கவனிக்கும் நுணுக்கம் ஒன்று: மீன் நாகமாகும்போது அதன் தலையெழுத்து எண்கள், அந்த மூன்று பதினைந்துகள், மாறுவதில்லை. அதே உயிர், அதே 15, 15, 15. மாறுவது இனத்தின் பெயரும் அந்த இனத்துக்கு எழுதிவைத்த அடிப்படை எண்களும்தான். மேஜிகார்ப்பாக இருக்கும்வரை உச்சம் 310தான். வகை மாறிவிட்டால் 310 என்ற பேச்சுக்கே இடமில்லை. ரஃப் நோட்டில் பையன் போட்டது அவன் கையில் இருந்த மீனின் கணக்கு என்று அவன் நினைத்தான். அது 'மேஜிகார்ப்' என்ற தலைப்பின் கணக்கு.

சரி, எண் பெரிதாக இருந்தால் பலமும் பெரிதுதானே என்றால், அதற்கும் அந்த விளையாட்டே பதில் வைத்திருக்கிறது. ஸ்லேக்கிங் என்று ஒரு பிராணி. தேவாங்கு மாதிரி மெதுவாக நகரும் குட்டியில் தொடங்கி, பெரிய குரங்காக வளர்ந்து, ஒருக்களித்துப் படுத்துக் கிடக்கும். அதன் உச்ச பலம் 5,010. போக்கிமான் உலகத்தில் எல்லோரும் நடுங்கும் மியூட்டூவுக்கே 4,724தான். ஆனால் ஸ்லேக்கிங்குக்கு வெகுகாலம் தெரிந்திருந்த ஒரே வேக அடி கொட்டாவி. கொட்டாவியால் யாருக்கும் அடிபடாது. ஐயாயிரத்துப் பத்து பலத்தை வைத்துக்கொண்டு அது கொட்டாவி விட்டுக்கொண்டே தோற்கும். சோம்பேறித்தனத்துக்குச் சூத்திரத்தில் ஒரு கட்டம் ஒதுக்கியிருந்தால் இந்தக் கூத்து நடந்திருக்காது. ஆனால் எந்தச் சூத்திரமும் தன்னிடம் கட்டம் இல்லாத சங்கதியைப் பூஜ்ஜியம் என்றுகூடச் சொல்வதில்லை. சும்மா விட்டுவிடுகிறது.

போக்கிமானை உருவாக்கிய சதோஷி தஜிரி சிறுவயதில் பூச்சி பிடித்துச் சேர்த்தவர். அந்தப் பழக்கத்தில் இருந்துதான் இந்த யோசனை வந்தது. நம் ஊரில் தீப்பெட்டிக்குள் பொன்வண்டை அடைத்து, இலை போட்டு, அது முட்டை வைத்ததா என்று மணிக்கொரு தரம் திறந்து பார்த்தவர்களுக்கு அந்த ஆசை புரியும். என் பொன்வண்டு உன் பொன்வண்டைவிடப் பெரிது என்ற சண்டை அப்போதும் இருந்தது. உச்சம் எவ்வளவு என்ற கேள்வி மட்டும் இருந்ததில்லை. பொன்வண்டு எதுவரை போகும் என்பதைப் பொன்வண்டிடம்தான் விட்டிருந்தோம்.

சண்டைக்கு வளர்க்கும் பிராணியை எடைபோடுவதில் தமிழர்களுக்கும் நீண்ட பழக்கம் உண்டு. சேவலின் கால், கழுத்து, கண், நிறம், நிற்கும் நிலை எல்லாவற்றையும் பார்த்து, இது தேறும் இது தேறாது என்று சொல்லும் கை தேர்ந்தவர்கள் ஊருக்கு ஊர் இருந்தார்கள். 2011இல் வந்த வெற்றிமாறனின் 'ஆடுகளம்' படத்தின் முடிச்சே அங்கேதான் விழுகிறது. சேவல் கலையில் பழுத்த பேட்டைக்காரன், இது தேறாது, அறுத்துப் போடு என்று ஒரு சேவலைத் தள்ளுகிறார். அவருடைய சீடன் கருப்புக்கு அறுக்க மனம் வரவில்லை, வளர்க்கிறான். அந்தச் சேவல்தான் களத்தில் ஜெயிக்கிறது. பேட்டைக்காரன் பாத்திரத்தில் ஈழத்துக் கவிஞர் வ.ஐ.ச. ஜெயபாலன் அப்போது காட்டிய முகத்தை நான் மறக்கவில்லை. சேவல் ஜெயித்ததில் அவருக்கு வருத்தமில்லை. தன் கணிப்பு தோற்றதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை. அதன்பின் அந்தப் படத்தில் நடக்கும் கேடெல்லாம் அந்த ஒரு தோல்வியில் இருந்து கிளம்புகிறது. எடைபோட்டவருக்குத் தன் எடைக்கல்லின் மேல் வரும் பற்று, எடைபோடப்பட்ட உயிரின் மேல் வருவதில்லை. சூத்திரம் அந்த வகையில் பேட்டைக்காரனைவிட நல்லது, தோற்றால் பழிவாங்காது.

சூத்திரத்துக்குள் இன்னும் கொஞ்சம் இறங்க வேண்டும். தாக்குதலை அப்படியே பெருக்கி, தற்காப்புக்கும் உயிராற்றலுக்கும் மட்டும் வர்க்கமூலம் எடுத்தோம் அல்லவா? அதாவது, அடிப்பதற்கு முழு மதிப்பு, தாங்குவதற்குக் குறைந்த மதிப்பு. இதன் விளைவு 2020இல் வந்த போட்டி லீக்குகளில் வெளியே வந்தது. ஒரு லீக்கில் 1,500 சி.பி.க்கு மேல் உள்ள பிராணியைச் சேர்க்க மாட்டார்கள். இன்னொன்றில் வரம்பு 2,500. அஸுமாரில் என்ற நீல முயலை எடுத்துக்கொள்வோம். மூன்றிலும் 15 வாங்கிய ஹண்டோ அஸுமாரில் 36ஆவது லெவலிலேயே 1,497ஐத் தொட்டு நின்றுவிடும். தாக்குதலில் பூஜ்ஜியமும் மற்ற இரண்டில் 15ம் வாங்கிய அஸுமாரில், எண் மெதுவாக ஏறுவதால், 45ஐத் தாண்டியும் வளர்ந்து 1,499இல் வந்து நிற்கும். இப்போது இரண்டையும் பக்கத்தில் நிறுத்திப் பாருங்கள். களத்தில் ஹண்டோவின் தாக்குதல் 97, மற்றதன் தாக்குதல் 91. தற்காப்பு 128க்கு 136. உயிர் 184க்கு 196. அடியில் ஆறு குறைந்தாலும், தாங்குவதில் எட்டும் உயிரில் பன்னிரண்டும் கூடுதல். பெரும்பாலான நேரம் நின்று ஜெயிப்பது பூஜ்ஜியம் வாங்கியதுதான்.

இது தெரியாத நாட்களில் ஆடியவர்கள் தாக்குதலில் பூஜ்ஜியம் வாங்கிய பிராணிகளைக் கூடை கூடையாகப் புரொஃபசருக்கு டிரான்ஸ்ஃபர் செய்தார்கள். பதிலுக்கு ஒரு மிட்டாய் கிடைக்கும். லீக் வந்தபின் அதே ஆட்கள் அதே பிராணியைத் தேடித் தெருத் தெருவாக அலைந்தார்கள். பிராணி மாறவில்லை, அதன் எண்ணும் மாறவில்லை. எந்தக் கூரைக்குக் கீழே நிற்கிறது என்பது மட்டும் மாறியது. நூற்றுக்கு நூறு வாங்கியது சுமார் ஆயிற்று. குப்பைக்குப் போனது முதல் வரிசைக்கு வந்தது.

அயனம்பாக்கத்தில் இருந்துகொண்டு இதை யோசிக்கும்போது அடுத்த யோசனையைத் தவிர்க்க முடியவில்லை. அம்பத்தூருக்கும் வானகரத்துக்கும் இடையே, முகப்பேர், நொளம்பூர், திருவேற்காடு என்று சுற்றிலும் பள்ளிகள். காலை ஏழரைக்கு வானகரம் – அம்பத்தூர் சாலையில் மஞ்சள் பேருந்துகளுக்கு நடுவே இருசக்கர வண்டி நுழையாது. இங்கே எல்லா வீட்டிலும் ஒரு சூத்திரம் மனப்பாடம். கணக்கு மதிப்பெண் அப்படியே நூறு. இயற்பியலில் பாதி ஐம்பது. வேதியியலில் பாதி ஐம்பது. கூட்டினால் பொறியியல் சேர்க்கைக்கான கட்-ஆஃப் இருநூறு. ஒன்றுக்கு முழு மதிப்பு, மற்ற இரண்டுக்குக் குறைத்த மதிப்பு. போக்கிமான் சூத்திரத்தின் உடன்பிறப்பு மாதிரி இருக்கும். தமிழுக்கும் ஆங்கிலத்துக்கும் அதில் கட்டமே கிடையாது. எல்லாம் சமமாகிவிட்டால் ராண்டம் எண் என்று ஒன்று, கணினி போட்டுக் கொடுக்கும். தலையெழுத்துக்கும் இடம் வைத்திருக்கிறார்கள்.

இந்தக் கட்-ஆஃபை நான் குறை சொல்லவில்லை. லட்சக்கணக்கான பிள்ளைகளுக்கு இடம் பிரித்துக் கொடுக்க ஒரு முறை வேண்டும். சிபாரிசுக் கடிதத்தைவிடக் கட்-ஆஃப் ஆயிரம் மடங்கு மேல். எந்த ஊர்ப் பிள்ளையும் அதைக் காட்டி அண்ணா பல்கலைக்கழகத்துக்குள் நடந்து போகலாம். பிளஸ் டூ ரிசல்ட் வந்த அன்று, நடந்து முடிந்த பரீட்சைக்கு அதைப் போடுவதில் ஒரு தப்பும் இல்லை. என் சங்கடம், அதை ஆறாம் வகுப்பிலேயே போடுவதில்தான். "நல்லா படிச்சா நூத்தித்தொண்ணூறு தாண்டுவான்னு மிஸ் சொன்னாங்க" என்று ஒரு அம்மா. "இவனுக்கு மேக்ஸிமம் நூத்தறுபதுதான் சார், எனக்குத் தெரியாதா" என்று பையனைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே ஒரு அப்பா. ஃபவுண்டேஷன் கோர்ஸில் சேர்க்கலாமா வேண்டாமா என்பது அந்த எண்ணை வைத்து முடிவாகிறது. இரண்டு பேரும் பிள்ளையின் மேல் உயிரையே வைத்திருப்பவர்கள். ஆனால் அவர்கள் போட்டது பிள்ளையின் கணக்கு அல்ல, 'மாணவன்' என்ற தலைப்பின் கணக்கு. ஏரிக்கரைப் பையன் மேஜிகார்ப்புக்குப் போட்ட அதே கணக்கு. ஒரு வித்தியாசம்: மேஜிகார்ப்புக்கு அடிப்படை எண்கள் உண்மையிலேயே ஓர் இடத்தில் எழுதப்பட்டிருக்கின்றன. பிள்ளைக்கு எங்கேயும் எழுதப்படவில்லை. எழுதியிருப்பதாக நாம் பேசிக்கொள்கிறோம்.

உச்சம் என்ற ஒன்றைக் கணக்கிட வேண்டுமானால் முதலில் யாராவது கூரை போட்டு முடித்திருக்க வேண்டும். 15க்கு மேல் இல்லை, 50க்கு மேல் இல்லை என்று எழுதி மூடியிருக்க வேண்டும். மூடாத உயிரிடம் போய் உன் உச்சம் என்ன என்று கேட்டால், அதனால் பதில் சொல்ல முடியாது. இதுவரை என்ன செய்தேன் என்றுதான் சொல்ல முடியும்.

இதுவரை செய்ததை மட்டும் கணக்கிடும் எண் ஒன்று உலகத்தில் இருக்கிறது. ஹங்கேரியில் பிறந்து அமெரிக்காவின் மில்வாக்கியில் இயற்பியல் கற்பித்த அர்பாத் எலோ சதுரங்கத்துக்காக வகுத்தது. உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு 1970இல் அதை ஏற்றுக்கொண்டது. அதன் வேலை எளிது. இரண்டு பேரின் எண்ணுக்கு இடையே உள்ள வித்தியாசத்தை வைத்து, இவர் எத்தனை பங்கு ஜெயிக்க வேண்டும் என்று எதிர்பார்க்கும். எதிர்பார்த்ததைவிடக் கூடுதலாக எடுத்தால் எண் ஏறும், குறைவாக எடுத்தால் இறங்கும். அதற்குக் கூரை இல்லை. மேக்னஸ் கார்ல்சன் 2014இல் 2882ஐத் தொட்டார். அதற்குமேல் ஒருவர் போகக் கூடாது என்று எந்தக் கட்டமும் மூடப்படவில்லை. எலோவிடம் போய் இந்த ஏழு வயதுப் பையனின் உச்சம் என்ன என்று கேட்டால், ஆடட்டும், பார்த்துச் சொல்கிறேன் என்பதுதான் அதன் பதில்.

அப்படி ஒரு ஏழு வயதுப் பையன் இதே அயனம்பாக்கத்தில் இருந்தான். மேல் அயனம்பாக்கம் வேலம்மாள் வித்யாலயாவில் படித்த குகேஷ், 2013இல் சதுரங்கம் பழகத் தொடங்கினார். நான்காம் வகுப்புக்குப் பிறகு அவரை முழுநேரம் பள்ளிக்கு அனுப்பவில்லை. காது மூக்கு தொண்டை மருத்துவரான அப்பா ரஜினிகாந்த் தன் தொழிலை ஓரம் வைத்துவிட்டு மகனோடு நாடு நாடாகப் போட்டிக்கு அலைந்தார். நுண்ணுயிரியல் துறையில் இருந்த அம்மா பத்மா வீட்டைத் தாங்கினார். இதைப் படித்துவிட்டு யாரும் பிள்ளையை நான்காம் வகுப்போடு நிறுத்திவிட வேண்டாம். அவர்களிடமும் முன்கூட்டியே போட்ட கணக்கு ஒன்றும் இருந்திருக்க முடியாது என்பதற்காகச் சொல்கிறேன். கட்-ஆஃப் பேசும் ஊரில், கட்-ஆஃப் கட்டத்துக்கு வெளியே ஒரு பையனை நடக்க விட்டிருக்கிறார்கள். எங்கே போய் நிற்கும் என்று தெரியாமலேயே.

அவருடைய பயிற்சியாளர் விஷ்ணு பிரசன்னா செய்த ஒரு காரியத்தை இந்தக் கட்டுரைக்காகவே செய்தாரோ என்று தோன்றும். இன்றைக்குச் சதுரங்கம் பழகும் எந்தப் பிள்ளையும் கணினி இன்ஜினைத் திறந்துவைத்துக்கொண்டுதான் பழகும். ஒவ்வொரு நகர்த்தலுக்கும் இன்ஜின் ஓர் எண் காட்டும்: வெள்ளைக்கு இவ்வளவு சாதகம், கறுப்புக்கு இவ்வளவு. குகேஷ் ஏறத்தாழ 2500ஐ எட்டும்வரை அந்த இன்ஜினைத் தொடவில்லை. காய்கள் நிற்கும் நிலையைத் தானே பார்த்து, தானே யோசித்து, தவறவேண்டிய இடத்தில் தவறிப் பழகினார். எண்ணைப் பார்க்காமல் பலகையைப் பார்த்தார். 2019 ஜனவரியில், 12 வயது 7 மாதம் 17 நாளில் கிராண்ட்மாஸ்டர் ஆனார். 17 நாளில் அன்றைய உலகச் சாதனை கைநழுவியது. 2022இல் மாமல்லபுரம் ஒலிம்பியாடில் முதல் எட்டு ஆட்டங்களையும் ஜெயித்தார்.

2024 நவம்பரில் உலகப் பட்டத்துக்காகச் சிங்கப்பூரில் உட்கார்ந்தபோது அவருடைய எண் 2783. எதிரே சீனத்தின் டிங் லிரென், 2728. முதல் ஆட்டத்திலேயே குகேஷ் தோற்றார். பதின்மூன்று ஆட்டம் முடிந்தபோது இரண்டு பேரும் சமம். டிசம்பர் 12 அன்று நடந்த கடைசி ஆட்டமும் டிராவை நோக்கித்தான் போய்க்கொண்டிருந்தது. 55ஆவது நகர்த்தலில் டிங் யானையைத் தப்பான கட்டத்தில் வைத்தார். பதினெட்டு வயதில் குகேஷ் உலகச் சாம்பியன், 7.5க்கு 6.5.

இப்போது எலோவின் கணக்கு. 55 புள்ளி வித்தியாசத்துக்கு அட்டவணை எதிர்பார்ப்பது ஆட்டத்துக்கு 0.58. பதினான்கு ஆட்டத்துக்கு 8.12. குகேஷ் எடுத்தது 7.5. குறைவு 0.62. அந்த நிலை ஆட்டக்காரர்களுக்குப் பெருக்கி 10. 2025 ஜனவரி மாதப் பட்டியலில் உலகச் சாம்பியனின் எண் 2777, பட்டம் வெல்வதற்கு முன்பு இருந்ததைவிட 6 குறைவு. தோற்ற டிங் லிரெனுக்கு 6 கூடியிருந்தது.